புத்தூர் நடவுக்கு வந்த போட்டோக்காரம்மா

திருப்பதி ரயிலடிக்குப் பக்கத்தில் இருந்த அசரியாவின் போட்டோ ஸ்டுடியோவில், மொட்டைத் தலை இல்லாத படம் ஒன்றைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். மலைக்குப் போய் முடி கொடுத்துவிட்டு இறங்கி வருகிற குடும்பங்கள் தலையில் பூசிய சந்தனம் காய்வதற்குள் ஸ்டுடியோவுக்கு வந்து உட்கார்ந்துவிடும். அப்பா மொட்டை, அம்மா மொட்டை, மடியில் இருக்கிற குழந்தையும் மொட்டை. "ஏழுமலையான் புண்ணியத்துல வேதக்காரங்க வூட்ல அடுப்பு எரியுது" என்று பஜாரில் கேலி பேசுவார்கள். அசரியாவும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை ஆனால் கடையைச் சாத்திக்கொண்டு பைபிளோடு ஆராதனைக்குப் போய்விடுவார்.

உள்ளே இருட்டு அறையில் வேலை பார்த்தது அவருடைய தங்கை கிருபாபாய். படம் பிடித்த கண்ணாடித் தகடு கழுவுவது, பென்சிலால் அம்மைத் தழும்பை மறைப்பது, கண் மூடிக்கொண்டவருக்குக் கண் திறந்து வைப்பது எல்லாம் அவள் கை வேலை. முப்பது வயதாகியும் கல்யாணம் ஆகவில்லை. அதைப் பற்றி அவளைவிட ஊருக்குத்தான் கவலை அதிகம். அவளுக்கு இருந்த கவலை வேறு. படம் பிடிக்க உட்கார்ந்த உடனே மனிதர்கள் எல்லாரும் மூச்சை அடக்கிக்கொண்டு வேறு யாரோ ஆகிவிடுகிறார்கள் என்பது அவளுக்கு ஆறவே ஆறாது. வெளியே பெஞ்சில் உட்கார்ந்து பிள்ளைக்கு முறுக்கு ஊட்டிச் சிரித்துக்கொண்டிருந்த அதே பொம்பளை, திரைக்கு முன்னால் வந்ததும் செத்த சவம் மாதிரி நிற்பாள்.

சித்தூரில் ஒரு கல்யாணத்துக்குப் போன இடத்தில் அந்தக் கேமரா அவளுக்குக் கிடைத்தது. சீமைக்குத் திரும்பிப் போகிற துரை ஒருவரின் சாமான்கள் ஏலத்துக்கு வந்திருந்தன. கட்டிலுக்கும் பியானோவுக்கும் அடித்துக்கொண்ட கூட்டம், சாவி கொடுத்தால் ஓடுகிற ஒரு சின்ன சினிமா கேமராவையும், கையால் சுற்றிப் படம் காட்டுகிற அதன் ஜோடி மிஷினையும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கேட்க ஆளில்லாத சாமான் கேட்டவளுக்கு வந்தது. சாவி கொடுத்தால் கிர்ரென்று கொஞ்ச நேரம் ஓடும், பிறகு நின்றுவிடும், மறுபடி கொடுக்க வேண்டும். எடுத்த சுருளைக் கழுவப் பம்பாய்க்கு அனுப்பிவிட்டுத் தபால்காரரைப் பார்த்துக் காத்திருக்க வேண்டும்.

"இத்த வெச்சுக்கினு நீ இன்னா பண்ணப் போற?" என்று கேட்டார் அசரியா.

"நடவு எடுக்கப் போறேன் அண்ணா."

வேறு எதையும் அவள் யோசிக்கவே இல்லை. ரேணிகுண்டாவில் ரயில் மாறி நகரிப் பக்கம் போகும்போதெல்லாம், புத்தூரைத் தாண்டினால் ஜன்னல் ஓரத்தில் நடவு தெரியும். பெண்கள் வரிசையாகக் குனிந்து, பின்னால் பின்னால் நடந்துகொண்டே போவார்கள். அவர்கள் விட்டுப் போன சேறு பச்சையாகிக்கொண்டே வரும். ஒருமுறை ஸ்டுடியோ கேமராவைத் தூக்கிக்கொண்டு போய்த் தூரத்தில் நின்று எடுத்தும் பார்த்தாள். தகட்டில் வந்தது வரிசையாகக் கொஞ்சம் முதுகு, அவ்வளவுதான். அந்த நகர்வைப் பிடிக்க இதுதான் கருவி என்று ஏலத்திலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

முப்பத்தாறாம் வருஷத்து ஆடி மாதம் அவள் மாட்டு வண்டியில் போய் இறங்கிய இடம், புத்தூருக்கு வெளியே தணிகாசலம் என்கிற குடியானவரின் கழனி. மூன்று தலைமுறையாக அங்கே பயிர் வைக்கிற தமிழ்க் குடும்பம். அவருடைய மனைவி செங்கம்மாதான் நடவு வரிசைக்குத் தலைவி. ஐம்பது வயது, கட்டுமஸ்தான உடம்பு, வாய் நிறைய வெற்றிலை. கிருபாபாய் வரப்பில் கேமரா முக்காலியை நிறுத்தினாளோ இல்லையோ, வரிசை மொத்தமும் முந்தானையை இழுத்து முகத்தில் போட்டுக்கொண்டது. ரத்தினம்மா என்று ஒருத்தி, "வத்தம்மா, வத்து!" என்று தெலுங்கில் வேண்டாம் வேண்டாமெனக் கத்தியபடி ஒரு கை சேற்றை அள்ளி வீசினாள். அது கேமராவுக்குப் படாமல் கிருபாபாயின் ரவிக்கையில் வந்து அப்பியது.

"கோச்சுக்காத பொண்ணு" என்று செங்கம்மா வரப்புக்கு ஏறி வந்தாள். "படம் புடிச்சா ஆயுசு கொறையும். எங்க சின்ன மாமனாரு ஆசப்பட்டுப் புடிச்சுக்கினாரு. ஆறே மாசம், போய்ட்டாரு."

"அவருக்கு இன்னா வயசுக்கா?"

"எம்பதுக்கு மேல இருக்கும்."

"அப்ப வயசாகித்தானே போனாரு?"

"படம் புடிக்காம இருந்திருந்தா நூறு இருந்திருப்பாரு" என்றாள் செங்கம்மா, கொஞ்சமும் அசையாமல்.

 ஸ்டுடியோவில் நூற்றுக்கணக்கான பேரை எடுத்திருக்கிறோம், ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை என்று கிருபாபாய் சொல்லிப் பார்த்தாள். "அவங்க ரயிலேறிப் போய்ட்டாங்க. இருக்காங்களா செத்தாங்களான்னு உனக்கு எப்படித் தெரியும்?" என்று திரும்பக் கேட்டாள் செங்கம்மா. நியாயமான கேள்விதான். கிருபாபாய்க்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

"சரி. மொதல்ல என்னயே நான் புடிச்சுக்கறேன். ஓடற படத்துல. அப்பப் பாக்கறீங்களா?"

செங்கம்மா அவளை மேலும் கீழும் பார்த்தாள். "புடிச்சுக்கோ. அடுத்த ஆடிக்கு நல்லபடியா எங்க முன்னாடி வந்து நில்லு. அப்புறம் நாங்களும் நிக்கறோம்" என்றாள். வரிசையில் இருந்தவர்கள் எல்லாரும் அதை ஒத்துக்கொண்டார்கள்.

அப்படித்தான் கிருபாபாய் தன் படத்தில் தானே வந்தாள். வேஷம் இல்லை, வசனம் இல்லை, கதை இல்லை. முக்காலியில் கேமராவை நிறுத்தி, சாவி கொடுத்து, ஓடவிட்டு, ஓட்டமாக முன்னால் போய் நின்றுகொள்வாள். தண்ணீர் சேந்துகிற கிருபாபாய். கேழ்வரகுக் களி கிண்டுகிற கிருபாபாய். தகட்டைச் சூரியனுக்குத் தூக்கிப் பார்க்கிற கிருபாபாய். மாடியில் உட்கார்ந்து தலை சீவுகிற கிருபாபாய். அவளுடைய முடி முழங்காலைத் தொடும். அவள் மனசுக்குள் வைத்திருந்த ஒரே ஒரு கர்வம் அது.

அசரியாவுக்குத் தலை சீவுகிற இடம்தான் பொறுக்கவில்லை. "வூட்டுப் பொம்பள தல சீவறத ஊருக்குக் காட்டுவியா? சினிமாக்காரின்னு பேர் வாங்கினா சபையில எந்த மூஞ்சியோட உக்கார்றது? நைனா இருந்தா உட்டிருப்பாரா?"

"சினிமாக்காரிங்க வேற யாராவோ வராங்க அண்ணா. நான் நானாத்தான் வரேன். இதுல இன்னா கேவலம்?"

தை மாதம் படத்தைப் புத்தூருக்கு எடுத்துக்கொண்டு போனாள். தணிகாசலம் வேர்க்கடலை அடுக்கி வைக்கிற ஜன்னல் இல்லாத கொட்டகையில், பட்டப்பகலிலேயே கதவைச் சாத்தி, வேட்டியைத் திரையாகக் கட்டி, மோட்டார் பாட்டரியில் விளக்கேற்றிப் படம் காட்டினாள். கேமராவிடம் அவள் ஓடி வருவதும் ஓடிப் போவதும் கூட வெட்டாமல் அப்படியே இருந்தது. பெண்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். களி கட்டி தட்டிவிட்டது என்று குற்றம் கண்டுபிடித்தார்கள். வேஷம் கட்டவில்லையா என்று கேட்டவர்களிடம், "நான் நானாத்தான் வருவேன்" என்று கிருபாபாய் பெருமையாகச் சொன்னாள். முடி வந்த இடத்தில் மட்டும் எல்லாரும் திரைக்குக் கிட்டே நகர்ந்து வந்தார்கள். "ஆத்தாடி, எவ்ளோ நீளம்!" என்று யாரோ பெருமூச்சு விட்டார்கள்.

"அப்ப நடவுக்கு வரட்டுமாக்கா?" என்று கேட்டாள் கிருபாபாய்.

"ஆடி வரட்டும்" என்றாள் செங்கம்மா.

ஆடி வருவதற்கு முன்னால் சித்திரையில் ஜுரம் வந்தது. டைபாய்டு. சித்தூரில் மிஷன் ஆஸ்பத்திரியில் கொண்டு போய்ச் சேர்த்தார்கள். அவள் பிழைப்பாளா என்பதே சந்தேகமாக இருந்த நாட்கள் அவை. அசரியா ராப்பகலாகக் கட்டில் பக்கத்தில் ஜெபம் பண்ணிக்கொண்டிருந்தார். ஜுரம் இறங்கிக் கண் விழித்தபோது தலை லேசாக இருந்தது. கையை வைத்துப் பார்த்தாள். பாதி கொத்துக் கொத்தாக உதிர்ந்துவிட, மீதியை நர்ஸ் ஒட்ட வெட்டிவிட்டிருந்தாள். கிருபாபாய் அன்று முழுவதும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்து அழுதாள். முடிக்காக அழுதாள். அதோடு இன்னொன்றையும் நினைத்து அழுதாள். படம் பிடித்துக்கொண்ட ஒரு வருஷத்துக்குள் சாவு வாசல் வரை போய் வந்திருக்கிறோம். செங்கம்மா சொன்னது அச்சு அசலாக நடந்த மாதிரியே ஆகிவிட்டது. இந்தக் கோலத்தில் போய் நின்றால் அந்த நடவு இந்த ஜென்மத்தில் கிடைக்காது.

அவள் தேறி ஆராதனைக்குப் போன முதல் ஞாயிற்றுக்கிழமை, சபை மூப்பர் சுந்தர்சிங் ஐயா அவளைத் தனியாகக் கூப்பிட்டார். முக்காட்டுக்கு வெளியே தெரிந்த முள்ளுமுள்ளான முடியைப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "ஏம்மா கிருபாபாய், திருப்பதியில இருக்கறோம், பழக்க தோஷம்... மலைக்குப் போய்ட்டு வந்தியா?" என்று கேட்டார்.

"டைபாய்டு ஐயா!" என்று அவள் போட்ட சத்தத்தில் ஆலய வாசலே திரும்பிப் பார்த்தது. இந்த ஊரில் மொட்டைக்கு ஒரே அர்த்தம்தான். ஜுரத்துக்குக்கூட இடம் கிடையாது.

ஆடி பிறந்தது. முடி வளரட்டும், அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்றார் அசரியா. கிருபாபாய் கேட்கவில்லை. வருகிறேன் என்று சொல்லிவிட்டு வராமல் இருந்தால் செத்துப் போய்விட்டாள் என்றே அங்கே முடிவு கட்டிவிடுவார்கள். ஒரு துணியை முக்காடாகப் போட்டுக்கொண்டு, கேமராவையும் முக்காலியையும் தூக்கிக்கொண்டு ரயில் ஏறினாள். இடுப்பில் பலமில்லை. வண்டி குலுங்கும்போதெல்லாம் இருமல் வந்தது. பாதி வழியில் திரும்பிவிடலாமா என்றுகூட நினைத்தாள்.

கழனியில் அன்றைக்கு நடவு தொடங்கியிருந்தது. அவளைக் கண்டதும் பெண்கள் நிமிர்ந்தார்கள். வரப்பில் கால் வைத்த நேரம் பார்த்து அடித்தது காற்று. முக்காடு சரிந்து தோளில் விழுந்தது.

 அவ்வளவுதான், முடிந்தது என்று நினைத்தாள் கிருபாபாய்.

செங்கம்மா நாற்றைக் கீழே போட்டாள். சேற்றுக் கையை வாய்க்காலில் கழுவிக்கொண்டு ஏறி வந்தாள். கிருபாபாயின் தலையைத் தொட்டாள். தொட்ட கையைத் தன் கண்களில் ஒற்றிக்கொண்டாள்.

"ஏண்டிம்மா, எங்களுக்காகவா? எங்களுக்கு ஒண்ணும் ஆவக்கூடாதுன்னு பெருமாளுக்கு முடி குடுத்துட்டு வந்தியா? அவ்ளோ நீள முடியையுமா?"

கீழே வரிசையில் இருந்தவர்கள் கைகூப்பிவிட்டார்கள். "வேதக்காரியா இருந்தும் எங்களுக்காக மல ஏறிக்கீறா பாரு" என்றாள் சுந்தரி, செங்கம்மாவின் மருமகள். சேற்றை வீசிய ரத்தினம்மாவும்கூட, "கோவிந்தா!" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"பெருமாளே காவலுக்கு வந்தப்புறம் எங்களுக்கு இன்னா பயம்? நீ எடு பொண்ணு. எப்படி நிக்கணும் சொல்லு."

 கிருபாபாய் பொய் சொல்லக்கூட வேண்டியதில்லை. வாயை மூடிக்கொண்டு சும்மா இருந்தால் போதும். ஒரு வருஷமாகத் தூக்கத்தில்கூட விடாமல் துரத்திய நடவு, தானாக வந்து காலடியில் நிற்கிறது. டாக்டருக்கும் நர்ஸுக்கும் தவிர யாருக்குத் தெரியப் போகிறது? சுந்தர்சிங் ஐயாவா இங்கே வந்து விசாரிக்கப் போகிறார்? அவள் பேசாமல் முக்காலியை விரித்தாள். கேமராவைப் பொருத்தினாள். சாவியும் கொடுத்துவிட்டாள்.

கண்ணை வைத்துப் பார்த்தபோதுதான் செங்கம்மா தெரிந்தாள். இடுப்பில் கை வைத்து அதட்டுகிற செங்கம்மா அங்கே இல்லை. சந்நிதியில் நிற்கிற மாதிரி, கூப்பின கை, பாதி மூடின கண், மூச்சை அடக்கிக்கொண்டு நின்றாள். பக்கத்தில் சுந்தரியும் அப்படியே. ஸ்டுடியோவில் பார்த்துப் பார்த்து அலுத்துப் போன அதே முகம். அதுவும், செய்யாத வேண்டுதல் ஒன்றுக்காக.

கிருபாபாய் கேமராவை விட்டு நகர்ந்து வந்தாள்.

"அக்கா, நான் மலைக்குப் போவல. எனக்கு டைபாய்டு ஜுரம் வந்துச்சு. சாவக் கெடந்தேன். முடி அதுல கொட்டிடுச்சு. மீதிய ஆஸ்பத்திரியில வெட்டிட்டாங்க." சொல்லச் சொல்ல அழுகை வந்தது. "உங்கள ஏமாத்தி எடுக்க எனக்கு மனசு வரல. இதான் நெசம். இனிமே உங்க இஷ்டம்."

கூப்பின கைகள் ஒவ்வொன்றாக இறங்கின. "நாம அப்பவே சொன்னமா இல்லையா? படம் புடிச்சுக்கினா, சாவக் கெடந்தா" என்றாள் ரத்தினம்மா. விறுவிறுவென்று வரப்பேறிப் போய் ஒரு பனைமரத்தடியில், முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டாள். இன்னும் ரெண்டு பேர் அவள் பின்னால் போகலாமா வேண்டாமா என்று செங்கம்மாவின் முகத்தைப் பார்த்தார்கள்.

செங்கம்மா வெற்றிலையைத் துப்பிவிட்டு யோசித்தாள். கிருபாபாய் முக்காலியை மடக்கத் தொடங்கினாள். அவளுக்குத் துக்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் வருகிற வழியெல்லாம் நெஞ்சை அழுத்திக்கொண்டிருந்த பாரம் இறங்கியிருந்தது.

"இரு" என்றாள் செங்கம்மா. "தையில எங்களுக்குக் காட்டினியே, அந்த முடி. தல சீவிக்கினு உக்காந்திருந்தியே. அது இப்ப எங்க கீது?"

"எது? படமாக்கா? அது பொட்டியில பத்திரமா இருக்குது."

"இப்பப் போட்டா தெரியுமா?"

"தெரியும். எப்பப் போட்டாலும் தெரியும்."

"அதே நீளமா?"

"அதே நீளந்தான்."

செங்கம்மா வரிசையைப் பார்த்துத் திரும்பினாள். "கேட்டீங்களாடி? தலையில இருந்தது போயிடுச்சு. பொட்டியில இருந்தது அப்படியே கீது. ஜுரம் வந்து எடுத்துக்கினு போனது வெளிய இருந்தத. உள்ள இருக்கறதத் தொட முடியல." பிறகு கிருபாபாயிடம், "உன் மிஷின் எடுத்துக்கினு போறதில்ல பொண்ணு. வெச்சுக் காப்பாத்துது. இத்தச் சொல்லாம ஒரு வருசமா ஆயுசு, மாமனாருன்னு பேசிக்கினு இருந்தோம். என்னயும் உள்ள போட்டு வையி. இன்னிக்கு எனக்குப் பல்லு முழுசாக் கீது, நாளைக்கு யாரு கண்டா?"

சிரிப்பு அடக்க முடியாமல் வரிசை முழுக்கப் பரவியது. கிருபாபாய் சிரித்தாளா அழுதாளா என்று அவளுக்கே தெரியாது. மூக்கைத் துடைத்துக்கொண்டு முக்காலியை மறுபடி விரித்தாள். ரத்தினம்மா கடைசி வரைக்கும் மரத்தடியை விட்டு எழுந்திருக்கவில்லை. அவள் படத்துக்குள் வந்துவிடாதபடி கிருபாபாய் கேமராவை இந்தப் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டாள். வேண்டாம் என்றவளைத் திருடி எடுப்பது அவளுக்குப் பழக்கமில்லை.

பெண்கள் குனிந்தார்கள். கேமரா கிர்ரென்றது. முதலில் எல்லார் முதுகும் விறைப்பாகத்தான் இருந்தது. சுந்தரி யாரையோ இடித்துவிட, ஒரு வசவு பறக்க, ஒரு பாட்டுப் பிறக்க, கொஞ்ச நேரத்தில் அவர்கள் கேமராவை மறந்து போனார்கள். பின்னால் பின்னால் நடந்தார்கள். சேறு பச்சையாகிக்கொண்டு வந்தது. ரயில் ஜன்னலில் பார்த்தது, தகட்டில் சிக்காதது, இதோ அவள் கண்ணுக்கு முன்னால் நகர்ந்துகொண்டிருந்தது. 

"ஏம்மா, ரத்தினம்மா எடம் காலியாக் கீது பாரு" என்று குனிந்தபடியே கத்தினாள் செங்கம்மா. "வரிச ஓட்டையாத் தெரிஞ்சா ஊர்ல சிரிப்பாங்க. நீ எறங்கி வா."

"நானா? இந்தத் தலையோடயா? நான் வாணாக்கா. முடி வளந்தப்புறம்..."

"நானாத்தான் வருவேன்னு பெரும பேசினியே, தலைய மட்டும் வூட்ல வெச்சுட்டு வருவியா?"

 கிருபாபாய் முக்காட்டை எடுத்து முக்காலியின் காலில் கட்டினாள். புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, சாவியை முழுக்க முறுக்கிவிட்டு, வரப்பிலிருந்து சேற்றில் குதித்தாள். முள்ளுமுள்ளான தலையில் வெயில் சுள்ளென்று விழுந்தது. நாற்று பிடிக்கவே அவளுக்குத் தெரியவில்லை. அவள் நட்டது சாய்ந்தது, சுந்தரி அதைப் பிடுங்கி நேராக நட்டாள். நடக்கத் தெரியாமல் ஒருமுறை சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டாள். ரெண்டு பக்கமும் அவளைத் தூக்கிவிட்டார்கள். முதுகு வலித்தது. ஜுரத்துக்குப் பிறகு இவ்வளவு தெம்பாக அவள் ஒருநாளும் உணர்ந்ததில்லை. வரப்பில் கிர்ரென்ற சத்தம் நின்று போனதைக்கூட அவள் கவனிக்கவில்லை.

செங்கம்மாதான் நிமிர்ந்து பார்த்தாள்.

"அடி போட்டோக்காரி! உன் மிஷின் தூங்குது. ஓடு, போய்ச் சாவி குடு!" என்று சேற்றுக் கையை ஆட்டிக் கத்தினாள். "நான் பாதி வரிசையிலயே நிக்கறேன் பாரு, ஓடு!"